தையல் தெரியும் பெயர்

என் மகளுக்கு நானும் அவள் அப்பாவும் வைத்த பெயர் யாழ்மிகா. வைத்த பெயர் என்பதைவிடத் தைத்த பெயர் என்றால் பொருந்தும். பாதி என் துணி, பாதி அவர் துணி. "யாழைப் போல இனிமை மிகுந்தவள்" என்று பதினாலு வருஷமாகக் கேட்டவர்களுக்கெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தேன். அவர்களும் "அட, புதுசா இருக்கே" என்று தலையாட்டிவிட்டுப் போவார்கள். அவள் ஒன்பதாம் வகுப்புக்குப் போகிற வரைக்கும் அந்த விளக்கம் தாங்கியது.

ஒருநாள் சாயங்காலம், தோளிலிருந்து பையைக்கூட இறக்காமல் என் முன்னால் வந்து நின்றாள்.

"அம்மா, என் பேருக்கு என்ன அர்த்தம்?"

"தெரியாத மாதிரி கேக்கறே? யாழ் மாதிரி இனிமை மிகுந்தவள்."

"மிகுந்தவள்னு எங்க இருக்கு? மிகான்னுல்ல இருக்கு? மிகான்னா மிகாதுன்னு அர்த்தம்."

தமிழ் நோட்டை எடுத்து நீட்டினாள். பக்கத்தின் உச்சியில், சிவப்புப் பேனாவால் அடியில் இரண்டு கோடு போட்ட தலைப்பு: வல்லினம் மிகா இடங்கள். அந்த 'மிகா'வைச் சுற்றி யாரோ பென்சிலால் வட்டம் போட்டு, ஓர் அம்புக்குறி இழுத்து, ஓரத்தில் 'உன் பேரு' என்று எழுதியிருந்தார்கள். கையெழுத்து அவளுடையது இல்லை. டீச்சர் கரும்பலகையில் தலைப்பை எழுதி முடிப்பதற்குள் வகுப்பே அவள் பக்கம் திரும்பிவிட்டதாம். மதியத்துக்குள் 'மிகா இடம்' என்று பட்டப்பெயரும் வந்தாயிற்று.

"அழுதியா?"

"அங்க சிரிச்சிட்டேன்" என்றாள். இங்கே என்ன செய்யப்போகிறாள் என்பது முகத்தில் தெரிந்தது.

வெட்கக்கேடு என்னவென்றால், நானும் தமிழ்வழியில் படித்தவள். அதே தலைப்பை அதே வயதில் என் நோட்டிலும் எழுதிக் கோடு போட்டிருக்கிறேன். அறியாமல், ஓடாத, வாடா என்று எத்தனை எதிர்மறை எழுதியிருப்பேன். பிள்ளைக்குப் பெயர் வைக்கும்போது அதில் ஒன்றுகூட ஞாபகத்துக்கு வரவில்லை.

அந்தப் பெயர் எப்படி வந்தது என்றால், 'யாழ்' என்னுடையது. ழகரத்தில் முடிகிற அந்த ஒற்றைச் சொல்மேல் எனக்குச் சின்ன வயதிலிருந்தே ஒரு பித்து. நேராக யாழினி என்று வைத்திருப்பேன். ஆனால் எங்கள் உறவில் மட்டும் ஏற்கெனவே இரண்டு யாழினிகள். அவருக்கோ 'இகா' என்று முடிய வேண்டும். ராதிகா, தேவிகா, பூமிகா. அதிலும் பூமிகாமேல் தனிப் பிரியம். எட்டாம் மாதத்தில் ஒரு ராத்திரி, தூக்கம் வராமல், ஒரு தாளை நடுவில் மடித்து இடது பக்கம் என் சொற்களையும் வலது பக்கம் அவருடைய வால்களையும் எழுதினோம். யாழிகா என்று எழுதிப் பார்த்தோம். அவருக்கு யாளி நினைவுக்கு வந்துவிட்டது. அடுத்து யாழ்மிகா. இரண்டு பேருக்கும் சட்டென்று பிடித்துப்போயிற்று.

பிடித்த பிறகுதான் அர்த்தம் தேடினோம். அருள்மிகு, எழில்மிகு, திறன்மிகு என்றெல்லாம் வருகிறதே, அந்த 'மிகு'வுக்குப் பெண்பால் 'மிகா' என்று நாங்களே தீர்ப்பு எழுதிக்கொண்டோம். தமிழில் அப்படி ஒரு பெண்பால் கிடையாது. மிகு என்ற வினையோடு ஆ சேர்ந்தால் அது எதிர்மறை. மிகாது, மிகாமல், மிகாத. "ஐந்து பக்கங்களுக்கு மிகாமல் எழுதுக" என்று கேள்வித்தாளிலேயே வரும். பெயரின்மேல் ஆசை வந்துவிட்டால் புத்தி அதற்கு வக்கீலாக மாறிவிடுகிறது. எதிர்த்தரப்பில் யாரையும் பேசவிடுவதில்லை. அந்த ராத்திரி எங்களுக்கு வேண்டியிருந்தது எதிர்த்தரப்பு ஆள் ஒருவர்தான். தமிழ் தெரிந்த ஒருவரிடம், "இது பெயர் என்று நினைக்காதீர்கள், ஒரு சொல் என்று நினைத்துக்கொண்டு பொருள் சொல்லுங்கள்" என்று கேட்டிருந்தால் அரை நிமிஷத்தில் முடிந்திருக்கும். "இந்தப் பேர் எப்படி இருக்கு?" என்று கேட்டால் யாரும் உண்மை சொல்லமாட்டார்கள். கர்ப்பிணியிடம் யார் போய் நன்றாக இல்லை என்பார்கள்?

மகள் தூங்கின பிறகு இணையத்தில் தேடினேன். ஆறுதலாக மூன்று பெயர்ப் பட்டியல் தளங்களில் கிடைத்தது. "யாழ்மிகா: யாழ் போன்ற இனிமை மிக்கவள். மூலம்: தமிழ்." அப்பாடா என்று இருந்தது. மூன்று இடத்தில் ஒரே மாதிரி போட்டிருந்தால் தப்பாகவா இருக்கும்? பிறகுதான் அந்த வாக்கியம் எங்கோ பழகிய வாக்கியமாகத் தோன்றியது. அவளுக்கு மூன்று மாதம் இருக்கும்போது, மடியில் தூங்க வைத்துக்கொண்டு, ஒற்றைக் கையால் ஒரு தளத்தில் 'புதிய பெயரைச் சேர்க்க' என்ற கட்டத்தில் தட்டச்சு செய்தவள் நான்தான். அந்த ஒரு தளத்தைப் பார்த்து மற்ற இரண்டும் எடுத்திருக்க வேண்டும். 'மூலம்: தமிழ்' என்று போட்டிருந்த மூலம் நான்.

அன்றிலிருந்து அந்தத் தளங்களைப் பார்க்கிற பார்வையே மாறிவிட்டது. எந்தப் பெயரைத் தட்டினாலும் லட்சுமி, இல்லையென்றால் ஒளி, அதுவும் இல்லையென்றால் 'தனித்துவமானவள்'. ஓசைக்கு யோசனை எடுக்கலாம். அர்த்தத்துக்கு அங்கே போகக்கூடாது.

அர்த்தத்துக்குப் போக வேண்டிய இடம் அகராதி. சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகக் கொண்டுவந்த தமிழ்ப் பேரகராதியில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள் இருக்கின்றன. வடமொழிப் பாதிக்கு 1899-இல் வந்த மோனியர் வில்லியம்ஸ் அகராதி. இரண்டையும் இணையத்தில் காசில்லாமல் தேடலாம். ஒரு ஞாயிற்றுக்கிழமை நானும் அவளும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து அவள் பெயரைப் பிரித்தோம். தையலைப் பிரிக்கிற மாதிரிதான். எந்த இடத்தில் ஊசி இறங்கியிருக்கிறது என்று முதலில் கண்டுபிடிக்க வேண்டும்.

யாழில் பிரச்சினை இல்லை. நரம்புக் கருவி; 21 நரம்பு பேரியாழ், 19 நரம்பு மகரயாழ், 14 நரம்பு சகோடயாழ், 7 நரம்பு செங்கோட்டியாழ் என்று வகை சொல்வார்கள். வழக்கொழிந்துபோன அந்தக் கருவியைப் பழைய நூல்களிலிருந்து கணக்குப் போட்டு மீட்டெடுக்கப் பார்த்து விபுலானந்த அடிகள் எழுதிய யாழ் நூல் 1947-இல் வந்தது. "அப்போ நான் யாரும் வாசிக்காத இன்ஸ்ட்ருமென்ட்டா?" என்றாள். அதற்கும் நான் பதில் தயாரித்திருக்கவில்லை.

பூமிகாவில்தான் குட்டு வெளிப்பட்டது. அது பூ + மிகா இல்லை. பூமி என்ற சொல்லோடு 'கா' சேர்ந்தது. தரை, நாடகத்தில் ஒருவர் ஏற்கும் பாத்திரம், நூலின் முன்னுரை என்றெல்லாம் வடமொழியில் பொருள். அந்த 'மி', பூமியின் சொத்து. நாங்கள் அதைப் பாதியில் அறுத்து, பூமியின் சதையோடு சேர்த்து வாலை எடுத்து யாழில் ஒட்டியிருக்கிறோம். இப்படி அறுப்பது எங்களோடு தொடங்கியதும் இல்லை. ஹெலிகாப்டர் என்ற சொல் 'சுருள்' என்ற பொருளுள்ள ஹெலிகோ, 'இறக்கை' என்ற பொருளுள்ள ப்டெரோன் என்ற இரண்டு கிரேக்கச் சொற்களால் ஆனது. எல்லோரும் ஹெலி, காப்டர் என்று வெட்டி, நாலு விசிறி வைத்ததைக் குவாட்காப்டர் ஆக்கிவிட்டார்கள். இயந்திரத்துக்கு அது பரவாயில்லை. அதை வகுப்பில் யாரும் கிண்டல் செய்வதில்லை.

சரியான 'இகா' எப்படி வேலை செய்கிறது என்றும் பார்த்தோம். நாயகன், நாயிகா, பாலகன், பாலிகா, அம்பா, அம்பிகா. பெண்பாலாக்கும், சில இடத்தில் செல்லமாகச் சுருக்கும். தமிழுக்கு வந்தபோது ஆகாரம் ஐகாரமாகிவிடும்: அம்பிகை, மல்லிகை, சந்திரிகை. "அப்படின்னா நான் யாழிகை" என்றாள். சொல்லிப் பார்த்துவிட்டு அவளே, "நாழிகை மாதிரி இருக்கு, வேணாம்" என்றாள்.

இடையில் யாழினிக்கும் ஒரு விசாரணை நடந்தது. நான் அதுவரைக்கும் யாழினியில் இருக்கும் 'இனி' பத்மினி, நளினி மாதிரி வடமொழி விகுதி, தமிழ்ச் சொல்லில் ஒட்டியது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். ஆனால் புறநானூற்றிலேயே பாடினி இருக்கிறாள், பாடுகிற பெண். சங்கப் புலவர் ஒருவர் பெயர் காக்கைபாடினியார். இன்னொருவர் பேய்மகள் இளவெயினி. இள + எயினி, நடுவில் வகரம் வந்து இரண்டையும் சேர்க்கிறது. பள்ளிக்கூடத்தில் உடம்படுமெய் என்று படிப்போமே, அது. எயினர் குலப் பெண் எயினி. ஆக, பெண்ணைக் குறிக்க 'இனி' என்று முடிவது தமிழ்க் காதுக்கு இரண்டாயிரம் வருஷப் பழக்கம். இதைத் தவிர குறள் வேறு இருக்கிறது. "குழலினிது யாழினிது என்பதம் மக்கள் மழலைச்சொல் கேளா தவர்", 66-ஆம் குறள். அந்த 'யாழினிது'வில் கடைசி எழுத்தை மூடிக்கொண்டு பாருங்கள், யாழினி நிற்கிறாள். எந்த வழியில் பிரித்தாலும் அந்தப் பெயர் கிழியவில்லை. நன்றாகத் தைத்த பெயருக்கு அது அடையாளம் என்று எனக்குத் தோன்றுகிறது. எனக்குக் கொஞ்சம் பொறாமையாகவும் இருந்தது.

ஒட்டுகிற இடத்தைப் பற்றி இன்னொரு விஷயம். தமிழில் இரண்டு சொல் சேர்ந்தால் நடுவில் ஏதாவது நடக்கும். பூ, குழலியைச் சந்தித்தால் பூங்குழலி. அம் + கயல் + கண்ணி, அங்கயற்கண்ணி. தமிழறிஞர் சூரியநாராயண சாஸ்திரி தன் பெயரை அப்படியே தமிழாக்கினார்: சூரியன் பரிதி, நாராயணன் மால், சாஸ்திரி கலைஞர். சேர்த்தபோது பரிதிமால்கலைஞர் ஆகவில்லை, பரிதிமாற்கலைஞர் ஆயிற்று. லகரம் றகரமாகிவிட்டது. இதைக் கேட்டுவிட்டு, கயல் என்ற பெயருள்ள தன் தோழிக்குத் தாரா என்ற வாலை ஒட்டிப் பார்த்தாள் என் மகள். விதிப்படி கயற்றாரா. அரை மணி நேரம் சிரித்தோம். இப்போதெல்லாம் பெயரில் இந்தப் புணர்ச்சி எதையும் யாரும் கட்டாயமாகப் பார்ப்பதில்லை, சரிதான். ஆனால் விதிப்படியே மாற வேண்டாத ஒட்டு, மாற வேண்டியதை மாற்றாமல் விட்ட ஒட்டைவிட வாயில் லேசாக உட்காரும். மலர்விழி, தேன்மொழி, கயல்விழி எல்லாம் வழுக்கிக்கொண்டு வருவது அதனால்தான். காகிதத்தில் அழகாக இருக்கிற பெயரை அடுத்த அறையிலிருந்து கோபமாகக் கூப்பிடுவது போல் பத்துத் தடவை கத்திப் பாருங்கள். ஒட்டு இருக்கும் இடத்தில் நாக்கு தட்டும்.

ஆங்கில எழுத்தில் எழுதுவது தனிக் கதை. ழகரத்துக்கு இசட்-எச் போடுவோம் என்பது தமிழர்களுக்குத் தெரியும். மற்றவர்களுக்கு அது வெறும் இசட். யாஸ்மிகா, யஷ்மிகா, ஒருமுறை ஜாஸ்மிகா என்றுகூடக் கூப்பிட்டிருக்கிறார்கள். ஒரு சான்றிதழில் எல் போட்டு யால்மிகா என்று அடித்துக் கொடுத்துவிட்டார்கள். நானும் பார்க்காமல் வாங்கி வந்துவிட்டேன். அதைத் திருத்த நான்கு தடவை அலைந்தேன். நடுவில் ஒரு தெரிந்தவர் எண் கணிதம் பார்த்து இன்னொரு ஏ சேர்க்கச் சொன்னார். இருக்கிற எழுத்துக்கே பதில் சொல்லி மாளவில்லை. உங்களுக்குச் சொல்ல விரும்புவது இதுதான்: முதல் ஆவணத்துக்குப் பெயர் கொடுக்கும் முன்பே ஆங்கில எழுத்துகளை முடிவு செய்து ஒரு சீட்டில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். வாயால் சொல்லாதீர்கள், சீட்டைக் கொடுங்கள். கையில் வாங்கியதும் அங்கேயே நின்று எழுத்து எழுத்தாகப் பாருங்கள். பின்னால் வரிசையில் நிற்பவர் முறைத்தால் முறைக்கட்டும்.

மகளுக்கு ஆறுதலாக வேறு மொழிகளில் ஒட்டுப் பெயர்கள் எப்படி வந்தன என்று தேடினேன். அவளைவிட எனக்குத்தான் அது அதிகம் உதவியது. வனெஸ்ஸா என்று உலகம் முழுக்க வைக்கிறார்களே, அது எழுத்தாளர் ஜொனாதன் ஸ்விஃப்ட் ஒரு தோழிக்காகச் செய்த பெயர். அந்தத் தோழியின் பெயர் எஸ்தர் வான்ஹோம்ரி. குடும்பப் பெயரிலிருந்து 'வான்', எஸ்தரின் செல்லச் சுருக்கத்திலிருந்து 'எஸ்ஸா'. 1726-இல் அச்சான ஒரு கவிதை வழியே வெளியே வந்தது. மூன்று நூற்றாண்டு ஆகிவிட்டதால் அதில் தையல் இருப்பதே இன்று யாருக்கும் தெரிவதில்லை. நடிகை மார்லீன் டீட்ரிக்குக்குப் பிறந்தபோது வைத்தது மரீ மக்தலேனே. சின்ன வயதிலேயே இரண்டின் முனைகளையும் தானே சேர்த்துக்கொண்டார். சொர்க்கம் என்ற பொருளுள்ள ஹெவனைத் திருப்பிப் போட்ட நெவேயா, 2001-இல் அமெரிக்காவில் அதிகம் வைக்கப்பட்ட ஆயிரம் பெண் பெயர்களுக்குள் நுழைந்தது. லெனினைத் திருப்பிப் போட்டு சோவியத் நாட்டில் பெண் குழந்தைகளுக்கு நினெல் என்று வைத்தார்கள். அந்த நாடே இப்போது இல்லை. நினெல்கள் பாட்டிகளாக இருப்பார்கள். இன்றைய செய்தியிலிருந்து பெயர் செய்ய நினைப்பவர்கள் அந்தப் பாட்டிகளை ஒரு நிமிஷம் நினைத்துக்கொள்ளலாம்.

இதில் என் மனசில் தங்கியது ரோசலிண்ட். பழைய ஜெர்மானியப் பெயர். முதல் பாதியில் இருப்பது குதிரை. பிற்காலத்தில் லத்தீன் தெரிந்தவர்கள் அதில் ரோஜாவைக் கண்டுபிடித்து, 'அழகிய ரோஜா' என்று பொருள் சொல்ல ஆரம்பித்தார்கள். குதிரை ஓடிப்போய், ரோஜா நின்றுவிட்டது. இன்று அந்தப் பெயர் வைக்கிறவர் யாரும் குதிரையை நினைத்து வைப்பதில்லை. ஒரு பெயருக்குப் பிறந்தபோது ஒரு பொருள், வளர்ந்த பிறகு வேறு பொருள் என்று இருக்கலாம் என்பது எனக்கு அதுவரைக்கும் தோன்றியதே இல்லை.

இதையெல்லாம் ஃபோனில் என் அப்பாவிடம் புலம்பினேன். "பேரை மாத்திடலாமாப்பா?" என்று கேட்டேன். அவர் கொஞ்ச நேரம் ஒன்றும் சொல்லவில்லை.

"என் கூடப் படிச்சவன் ஒருத்தன் பேரு பொய்யாமொழி. அதுலயும் இல்லைன்னுதானேம்மா இருக்கு? அவன எவனும் கேலி பண்ணல."

ஸ்பீக்கரில் கேட்டுக்கொண்டிருந்த மகள் கிட்டே வந்தாள். "தாத்தா, திரும்பச் சொல்லுங்க."

"பொய்யாமொழி. திருக்குறளுக்கே அப்படி ஒரு பேரு உண்டு. பொய்க்காத வார்த்தை. அப்புறம் வாடாமல்லின்னு பூவுக்கே பேர் இருக்கே, வாடாதது. இல்லைங்கறது எது இல்லைங்கறதப் பொறுத்து, கண்ணு."

அவள் நோட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். ராத்திரி சாப்பிடக் கூப்பிட்டபோது ஒரு வரியைக் காட்டினாள். பொய்யா மொழி, வாடா மலர், யாழ் மிகா. அடுத்து என்ன வரும் என்று காலியாக விட்டிருந்தாள். ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம், 'மிகாத' என்பதில் 'த' கெட்டு 'மிகா'. பெயரெச்சம் என்றால் பின்னால் ஒரு பெயர் வர வேண்டும். யாழ் மிகாத எது? யாழாலும் மிஞ்ச முடியாதது எது?

"குறள்லயே இருக்கும்மா. யாழினிதுன்னு சொல்றவங்க யாரு? மழலை கேக்காதவங்க. அப்போ யாழ் மழலைக்கு மிகாது. யாழ் மிகா மழலை. நீங்க வெச்சப்போ நான் மழலைதானே?"

கொஞ்சம் இழுவைதான். தமிழ்ப் புலவர் யாராவது பார்த்தால் 'க்கு' எங்கே போயிற்று என்று கேட்பார். ஆனால் பதினாலு வருஷமாக நான் சொல்லிக்கொண்டிருந்ததைவிட இதில் இலக்கணம் அதிகம். அந்தப் பெயரை நாங்கள் இப்படி நினைத்து வைக்கவில்லை என்பதையும் அவளிடம் ஒளிக்கவில்லை. இனி யாராவது கேட்டால் என்ன சொல்வாய் என்றேன். "ரெண்டையும் சொல்வேன். அம்மா அப்பா தப்பா வெச்சாங்க, நான் சரி பண்ணிட்டேன்னு." எனக்கு அது பிடித்திருந்தது, அவள் அப்பாவுக்கு அவ்வளவாக இல்லை.

அதே வருஷம் என் தம்பி வீட்டில் குழந்தை பிறக்கவிருந்தது. அவன் பெயர் செந்தில், அவன் மனைவி மலர். இரண்டு பெயரையும் சேர்த்துத்தான் வைப்போம் என்று ஒற்றைக் காலில் நின்றார்கள். வீட்டில் புதிதாக ஒரு பரிசோதகர் உருவாகியிருக்கிறாள் என்பது அவர்களுக்குத் தெரியாது.

"செமான்னு வெக்கலாமா? என் செ, அவ மா. சின்னதா, அழகா இருக்கு" என்றான் தம்பி.

"மாமா, ஸ்கூல்ல எல்லாரும் 'செம மா'ன்னுவாங்க. நான் சொல்றேன், கேளுங்க."

மலருடைய முதல் இரண்டு எழுத்தை முன்னால் வைக்கும் யோசனையும் வந்தது. அந்த இரண்டு எழுத்தைத் தனியாக எழுதிக் காட்டினாள், அதோடு போயிற்று. ஒரு பெயரின் துண்டை வெட்டி எடுத்தால் அந்தத் துண்டுக்கு ஏற்கெனவே வேறு வேலை இருக்கிறதா என்று பார்க்காமல் எடுக்கவே கூடாது. வெட்டுகிறவர் கண்ணுக்கு மட்டும் அது தெரிவதில்லை. அவர்கள் அந்தத் துண்டில் துணையின் முகத்தைத்தான் பார்க்கிறார்கள்.

பிறகு நான்தான் கேட்டேன், "செந்தில்ல செவும் மலரும் சேந்தா செம்மலர் ஆகாதா?" ஒரு கணம் யாரும் பேசவில்லை. செம்மை + மலர். சிவந்த மலர். செம்மைக்குச் சிறப்பு, நேர்மை என்றும் பொருள் உண்டு. செம்மொழி, செங்கோல் எல்லாம் அந்தச் செம்மைதான். ஒட்டுகிற இடத்தில் மகரத்தோடு மகரம். மாற வேண்டியது எதுவும் மிச்சமில்லை. அப்பா அம்மா பெயரைத் தெரியாதவர்கள் அதை ஒட்டுப் பெயர் என்றே நினைக்கமாட்டார்கள். தெரிந்தவர்களுக்கு இரண்டு பேரும் உள்ளே இருப்பது தெரியும். இப்படி அமைவது அபூர்வம். எல்லா அப்பா அம்மா பெயரும் இப்படி இணங்காது. இணங்காவிட்டால் எழுத்தை வெட்டி ஒட்டாமல், அர்த்தத்தை எடுத்துச் சேர்ப்பது மேல். பரிதிமாற்கலைஞர் செய்தது அதுதானே.

பரிசோதகர் அதோடு விடவில்லை. "கூப்பிடறப்போ ரை விட்டுட்டு செம்மல்னு கூப்பிட்டா?"

பள்ளியில் பூவின் பருவங்கள் படித்தவர்களுக்குத் தெரியும்: அரும்பு, போது, மலர், வீ, செம்மல். செம்மல் என்பது வாடின பூ. மலரின் முகம் சுருங்கியது. ஆனால் அதே செம்மலுக்குப் பெருமையிற் சிறந்தவர் என்றும் பொருள், வ.உ.சி.யைச் செக்கிழுத்த செம்மல் என்கிறோம். நல்ல பொருள் ஒன்று கெட்ட பொருள் ஒன்று என்று இரண்டும் மேசைமேல் வந்துவிட்டது. "பரவாயில்லண்ணி. தெரிஞ்சுதானே வெக்கறோம். நாளைக்கு அவ கேட்டா ரெண்டையும் சொல்லுவோம்" என்றாள் மலர். நான் பதினாலு வருஷத்துக்கு முன்னால் செய்யாதது அது.

ஆங்கிலத்தில் சி-எச் போட்டால் கெமிஸ்ட்ரி மாதிரி கெம்மலர் ஆகிவிடும் என்று எஸ் போட முடிவாயிற்று. தம்பி தமிழே தெரியாத தன் அலுவலக நண்பருக்கு அந்த எழுத்துகளை மட்டும் செய்தியாக அனுப்பிப் படித்துக் குரலில் அனுப்பச் சொன்னான். செம்மலார் என்று வந்தது. கடைசி நெடிலை மன்னித்துவிட்டோம். செம்மலருக்கு இப்போது ஒன்றரை வயது. தன் பெயரைத் தானே 'தெம்மா' என்கிறாள். அதற்கு எந்த அகராதியும் பார்க்கவில்லை.

யாழ்மிகாவின் அரையாண்டுத் தேர்வு வந்தது. ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சத்துக்கு எடுத்துக்காட்டுத் தருக என்று ஒரு கேள்வி. விடைத்தாள் திரும்பி வந்தபோது கொண்டுவந்து காட்டினாள். 'யாழ் மிகாக் குரல்' என்று எழுதியிருந்தாள். பக்கத்தில் முழு மதிப்பெண், கீழே டீச்சர் பச்சை மையில் ஒரு சிரிக்கும் முகம் வரைந்திருந்தார்.

"மழலைன்னுல்ல சொன்னே?"

"மழலைன்னா மகரம்மா, ஒண்ணும் வராது. குரல்னாதான் நடுவுல க் வரும். இந்தப் பெயரெச்சத்துக்கு அப்புறம் வல்லினம் மிகும்." விரலால் அந்த 'க்'கைத் தொட்டுக் காட்டினாள். "பாருங்க. 'மிகா'வுக்கு அப்புறம் மிகும்."